பனி விலக்கும் எசப்பாட்டு

கல்லுமலைத் தோட்டத்தில் பாட்டு என்பது பொழுதுபோக்கு அல்ல, வேலை. பக்கத்துப் பக்கத்து நிரையில் பத்து வருஷம் தேயிலைக் கொழுந்து பறித்த இருவர் சேர்ந்து பாடினால் பாட்டு பலிக்கும். ஒரு ஜோடி பாடினால் காலில் ஏறிய அட்டை உதிரும். இன்னொரு ஜோடிக்கு மழை அரை மணி நேரம் பொறுத்துக்கொள்ளும். பனிமூட்டத்தை விலக்க இராக்கம்மாவும் பெரியாயியும். ஒருத்தி எடுத்துக்கொடுக்க வேண்டும்; மற்றவள் அந்த நொடியே சொந்தமாகக் கட்டி எசப்பாட்டுப் பாட வேண்டும். பதில் வராத பாட்டுக்குப் பனி அசையாது, துரையே வந்து பாடினாலும் சரி.

ஆனால் அந்த இருவரும் பேசி மூன்று வருஷமாகிறது. அறுபத்தொன்பதில் பெரியாயி வீட்டார் கடல் தாண்டி இந்தியாவுக்கே குடிபோக மனுக் கொடுத்தார்கள். அதைப் பெரியாயி வாய் திறந்து சொல்லவில்லை. கங்காணி பெண்டாட்டி சொல்லித்தான் இராக்கம்மாவுக்குத் தெரிந்தது. தண்ணீர்ப் பீலியடியில் ஊரே பார்க்க அவள் கத்தினாள்: "இனி இவகூட சேந்து பாடுனா என் நாக்கு அழுகிப் போகட்டும்!" அன்றிலிருந்து தோட்டம் பனிக்குள் தடவித் தடவித்தான் நடந்தது. இரண்டு வீம்புக்காரிகளுக்கு யார் புத்தி சொல்வது?

எழுபத்திரண்டு கார்த்திகையில் இராக்கம்மாவின் ஒரே மகள் சிலம்பாயிக்கு இடுப்பு வலி கண்டது. மறுநாள் மத்தியானம் மருத்துவிச்சி கையைத் துடைத்துக்கொண்டு வெளியே வந்தாள்.

"புள்ள குறுக்கால கெடக்கு. பொழுது சாயறதுக்குள்ள பண்டாரவளை ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போகலேன்னா ரெண்டு உசிரும் தங்காது."

தோட்டத்துக் கடைக்கு அரிசி இறக்க வந்த இத்ரூஸ் நானாவின் லாரி மட்டுமே அங்கே இருந்தது. அவர் பாதையைப் பார்த்தார். பாதையே இல்லை, வெள்ளைப் பனிதான் இருந்தது.

"கண்ணுக்கு ஒண்டும் வெளங்குதில்ல, இராக்கம்மா. மூணாம் வளைவுல பாதாளம். புள்ளத்தாச்சிய ஏத்திக்கிட்டு எப்பிடிப் போற?"

இராக்கம்மா பெரியாயியின் லயத்து வீட்டுக்கு ஓடினாள். பெரியாயி அடுப்புச் சாம்பல் அள்ளிக்கொண்டிருந்தாள்.

"வா, பாடணும்."

"நாக்கு அழுகிப் போகுமே?"

"அழுகட்டும். என் மக பொழைக்கணும்."

பெரியாயி சாம்பல் கையைச் சேலையில் துடைத்துக்கொண்டு எழுந்தாள்.

லாரியின் பின்தட்டில் சாக்கு விரித்துச் சிலம்பாயியைப் படுக்க வைத்தார்கள். மருத்துவிச்சி அவள் தலைமாட்டில். டிரைவர் கூண்டின் கூரையைப் பிடித்தபடி முன்னே பார்த்து இருவரும் நின்றார்கள். மூன்று வருஷத்துக்குப் பிறகு பாடுகிறோமே, மரியாதையாகத் தொடங்குவோம் என்று நினைத்தாள் இராக்கம்மா.

"மலைவழியே வந்தவளே, மனசெல்லாம் தங்கமடி
ஒம்மேல எனக்கேதடி ஒருதுளி வருத்தமடி"

பெரியாயியும் விடவில்லை.

"தங்கமின்னு சொன்னவளே, தாயாட்டம் நெனச்சேன்டி
ஒம்பேச்சு ஒண்ணாச்சும் உறுத்தலயே நெஞ்சிலடி"

பனி திரண்டு வந்து லாரியின் மூக்கையும் மறைத்தது. இத்ரூஸ் நானா பிரேக்கை மிதித்துத் தலையை வெளியே நீட்டினார்.

"அல்லாவே! இருந்த வெளிச்சமும் போச்சு! ஊரறிஞ்ச சண்டைய வச்சிக்கிட்டு ரெண்டு பேரும் பொய்யா பாடுறீங்க?"

முன்பெல்லாம் ஒருத்தியிடம் ஒருத்தி பொய் சொன்னதே இல்லை. அதனால் பனிக்குப் பொய் ஆகாது என்று தெரிந்துகொள்ள வழியே இருந்ததில்லை. பின்னால் சிலம்பாயி பல்லைக் கடித்து முனகினாள். இராக்கம்மாவுக்கு மரியாதை பறந்தது.

"பக்கத்து நெரையில நின்னு பதினாலு வருசம் கிள்ளி
ஊருபோக எழுதயில எனக்கொரு சொல் இல்லயோடி!"

பத்து முழம் பாதை தெரிந்தது. லாரி உருண்டது.

"சொல்ல வந்தேன் வாசலுக்கு, சொல்லெழும்பல தொண்டையில
நீயழுகப் பாக்கமாட்டாம நின்னபடி திரும்பிவந்தேன்"

முதல் வளைவு தாண்டியது. பிறகு பிடித்தது பார் சண்டை! பெரியாயியின் சேவல் கொத்திய அவரை விதை, சிலம்பாயி கல்யாணத்தில் பெரியாயிக்கு வைக்காத வெற்றிலை, பீலியடியில் ஊர் முன்னே பட்ட அவமானம், எல்லாம் ராகத்தோடு வெளியே வந்தன. ஒவ்வொன்றுக்கும் பனி ஒரு முழம் ஒதுங்கியது. "ஏசுங்க, நல்லா ஏசுங்க!" என்று இத்ரூஸ் நானா ஸ்டியரிங்கைத் தட்டினார். இரண்டாம் வளைவும் போயிற்று.

மூன்றாம் வளைவுக்கு முன்னால் இராக்கம்மாவிடம் ஏச்சு தீர்ந்துவிட்டது. பனி மறுபடி கூடி வந்தது. மிச்சமிருந்தது ஒன்றே ஒன்று, தனக்குத்தானே கூட அவள் சொல்லிக்கொள்ளாதது.

"நீ போனா நெரையில நான் யார் முகத்தப் பாப்பேன்டி
பகையின்னு சொன்னதெல்லாம் பயந்தானடி, பயந்தானடி"

பெரியாயி அவள் கையை இறுகப் பிடித்தாள்.

"எனக்குந்தான் பயமிருக்கு, எந்தூரும் தெரியாதடி
ஒங்கொரல விட்டுப்புட்டு ஒறக்கமெங்கே வருமடி"

பனி இரண்டாகப் பிளந்தது. வளைவு, பாதாளம், அதற்கும் கீழே பண்டாரவளையின் தகரக் கூரைகள்வரை பளிச்சென்று தெரிந்தன. நாலு மணிக்குச் சிலம்பாயிக்குப் பெண் குழந்தை பிறந்தது. தாயும் பிள்ளையும் சுகம். இராக்கம்மாவின் நாக்குக்கும் ஒன்றும் ஆகவில்லை.

மாசி மாதம் பெரியாயி வீட்டாருக்குப் பயண நாள் வந்தது. பண்டாரவளை ஸ்டேஷனில் தண்டவாளத்தில் நின்ற கோச்சியைச் சுற்றி ஒரே அழுகை, பனியும் கனத்திருந்தது. அந்தக் கூட்டத்தில் இருவரும் கையைப் பிடித்துக்கொண்டார்களே தவிர ஒரு வார்த்தை பேச முடியவில்லை. கோச்சி நகர்ந்தது. கடைசிப் பெட்டி பனிக்குள் மறையும் நேரத்தில், பேத்தியைத் தோளில் போட்டபடி இராக்கம்மா தொண்டை கிழியப் பாடினாள்.

"போய்வாடி பெரியாயி, கோபமில்ல, கோபமில்ல
எங்க நீ இருந்தாலும் எம்பக்கத்து நெரதானடி"

பாடிவிட்டுப் பனியையே பார்த்தாள். இது நிஜம்தானா, அல்லது மனசைத் தேற்றச் சொன்ன பொய்யா? சக்கரச் சத்தம் தேய்ந்துகொண்டே போனது. அதற்கு மேல் ஒரு குரலும் அவள் காதில் விழவில்லை.

தண்டவாளத்தின் மேல் பனி மெல்ல ஒதுங்கத் தொடங்கியது. முதலில் பத்து முழம், பிறகு கைகாட்டி மரம், பிறகு மலை வளைவுவரை ஈரத் தண்டவாளம் முழுக்கத் தெரிந்தது.

"பாத்தியாடி? பதில் பாடிட்டா" என்று அவள் குழந்தையிடம் சொன்னாள்.