மத்தியானத் தொடரின் மாமியார்

"போகாதீங்க அத்தை, உங்களை விட்டா எனக்கு யாரு இருக்கா?" என்று கையிலிருந்த தாளைப் பார்த்து வாசித்தாள் மகள்.

சோபாவில் படுத்திருந்த அம்மா ஒரு கண்ணை மட்டும் திறந்தாள். "ஏன்டி, பஸ் நம்பர் வாசிக்கிற மாதிரி வாசிக்கிறே? மாமியார் சாகுறாடி. கொஞ்சம் அழு."

"நான் என்ன நடிகையா? நீ ஒழுங்கா செத்துக் காட்டு, அப்புறம் அழறேன்."

மத்தியானம் ஒளிபரப்பாகும் அந்தத் தொடரில் அம்மாதான் மாமியார். கதை வசனமும் அவளே. உடம்பு முடியவில்லை, போதும் என்று தன் பாத்திரத்தைத் தானே சாகடிக்கத் துணிந்து, அடுத்த வாரப் படப்பிடிப்புக்காகக் கூடத்தில் செத்துச் செத்துப் பழகிக்கொண்டிருந்தாள். சாவு அவளுக்குப் புதிதா என்ன? முன்பொரு தடவை மலையிலிருந்து உருட்டிவிட்டார்கள். பார்க்கிற ஜனங்கள் சண்டைக்கு வரவே, அடுத்த மாதமே தலையில் கட்டோடு திரும்பி வந்தாள். அப்படி வரும்படி எழுதியவளும் அவள்தான்.

அன்றைய முதல் சாவில் உயிரில்லை என்று அவளே சொன்னாள். அடுத்ததில் இருமல் அதிகம். மறுபடி படுத்தபோது நெஞ்சின்மேல் கையை வைத்துக்கொண்டு, தாளில் இல்லாத ஒன்றைச் சொன்னாள்.

"பாப்பா."

வீட்டில் மகளைக் கூப்பிடும் பெயர் அது. மகளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. "இங்க பாப்பா எங்கேருந்தும்மா வந்தா? நீ எழுதின வசனத்தை நீயே மாத்தினா எப்படி? இருக்கிறதைப் பேசு." பிறகு தன் பங்கை வாசித்தாள். இந்தத் தடவை குரல்கூடக் கொஞ்சம் தழுதழுத்தது. "போகாதீங்க அத்தை."

அம்மாவின் தலை மெல்லச் சாய்ந்தது. இதுவரை செத்ததிலேயே இதுதான் நன்றாக இருந்தது. மகள் கைதட்டினாள். எப்போதும் அம்மா கண்ணைத் திறந்து, "எப்படி?" என்று கேட்பாள். அதற்காக மகள் சிரித்த முகத்தோடு உட்கார்ந்திருந்தாள். எவ்வளவு நேரம் அப்படி உட்கார்ந்திருந்தாள் என்று டாக்டர் கேட்டபோது அவளால் சொல்ல முடியவில்லை.

மறுநாள் வீடு கொள்ளாத கூட்டம். தொடரில் மருமகளாக நடிப்பவள் அம்மாவின் காலடியில் விழுந்து, "அத்தை, அத்தை" என்று கதறினாள். வந்தவர்கள் அவளைத்தான் தாங்கிப் பிடித்தார்கள், அவளுக்குத்தான் தண்ணீர் கொடுத்தார்கள். மகள் சுவரோரமாக நின்றாள். அந்தச் சொல் காதில் விழும்போதெல்லாம் சுவரோடு இன்னும் ஒட்டிக்கொண்டாள்.

இயக்குநர் பக்கத்தில் வந்தார். "கூட நீதானேம்மா இருந்தே? கடைசியா எதாவது சொன்னாங்களா?"

கூப்பிட்டாங்க என்று சொல்ல வாயெடுத்தாள். அதற்கு நீ என்ன சொன்னாய் என்று கேட்டால்?

"வசனம்தான் சார். எழுதினபடியே சொன்னாங்க."

"பாத்தியா! ஒரு எழுத்தை மாத்த மாட்டாங்களே மனுஷி. சாகும்போதும் அப்படியேவா!" கண்ணைத் துடைத்துக்கொண்டு, அவர் அதை அடுத்தவரிடம் சொன்னார், அவர் அதற்கடுத்தவரிடம். மகள் பார்த்துக்கொண்டே நின்றாள்.

மத்தியானம் எல்லாம் முடிந்து கூட்டம் கலைந்தபின், பக்கத்து வீட்டு அக்கா சோற்றைப் பிசைந்து தட்டில் போட்டுக் கொடுத்து, சாப்பிடு சாப்பிடு என்று எதிரில் உட்கார்ந்திருந்தாள். திடீரென்று சுவருக்கு அந்தப் பக்கத்திலிருந்து அம்மாவின் குரல் கணீரென்று கேட்டது.

"கூப்பிட்டா ஏன்னு கேக்க மாட்டியா? காதுல என்ன பஞ்சா?"

அக்கா பதறி எழுந்தாள். "ஐயையோ! எங்க மாமியார் பழக்கதோஷத்துல டிவியைப் போட்டுட்டாங்க. முன்னாடியே எடுத்து வெச்சது போலிருக்கு. இரு, போய் நிறுத்தச் சொல்றேன்."

"வேணாம்க்கா. ஓடட்டும்."

அதற்குள் குரல் அறுந்து, சோப்பு விளம்பரப் பாட்டு வந்துவிட்டது. மகள் தட்டை நகர்த்திவிட்டு எழுந்து போய்ச் சுவரில் காதை வைத்தாள். சாப்பிட்ட கை காயக் காய, விளம்பரங்கள் முடியட்டும் என்று நின்றுகொண்டிருந்தாள்.