சொக்கனின் நொண்டலுக்கு உரியவன்

இன்சூரன்ஸ் பாலிசியின் பதினாலாம் பக்கத்தை எழுதினவன் எவனோ, அத்தனையும் செய்தவன் அவன்தான். அதற்கு முந்தைய பதின்மூன்று பக்கங்களைத் தேனாய் எழுதியவர்கள் மேல் ராமாத்தாளுக்கு ஒரு வருத்தமும் கிடையாது. பதினைந்தாம் பக்கத்துக்காரன் பாவம், கையெழுத்துக்குக் கோடு மட்டும்தான் போட்டிருந்தான். நடுவில் உட்கார்ந்து எறும்பு ஊர்ந்த மாதிரி பொடி எழுத்தில் ஒரு பக்கம் எழுதிவிட்டு, பெயர்கூடப் போடாமல் எழுந்து போனான் பாருங்கள், அவன்தான் சொக்கனின் பின்னங்காலைப் பிடுங்கினவன். இதை அவன் முகத்துக்கு நேராகச் சொல்ல அவள் எப்போதும் தயார். முகம்தான் கிடைக்கவில்லை.

வெள்ளியம்பாளையத்தில் வளர்ப்புப் பிராணிகளுக்கு இன்சூரன்ஸ் எடுத்தால், நோய் வரும்போது கம்பெனி பணம் தராது. நோயை வாங்கிக்கொள்ளும். பூனைக்கு இருமல் என்றால் கிளை அலுவலகத்திலிருந்து ஒருவர் படிவத்தோடு வருவார். பூனைக்கு எதிரே குத்தவைத்து உட்காருவார். கையெழுத்தானதும் இருமிக்கொண்டே திரும்பிப் போவார். பூனை பால் குடிக்கப் போய்விடும். கடைவீதியில் இருக்கும் அந்த அலுவலகத்தில் காசாளர் அம்மாவிடம் ஏழு மாதமாக ஒரு பொமரேனியனின் காது அரிப்பு இருக்கிறது. பேனாவின் பின்பக்கத்தால் சொறிந்தபடியே ரசீது போடுவார். மேலவீதிக் கிளிக்கு வந்த மறதி தபால் பிரிவில் இருக்கிறது. அதனால் சில கடிதங்கள் இரண்டு தடவை வரும். யாரும் குறை சொன்னதில்லை.

ராமாத்தாள் ஆட்டு வியாபாரி. பதினாறு வயதில் இரண்டு குட்டியோடு வியாழக்கிழமைச் சந்தைக்குள் நுழைந்து, முதல் வாரமே ஏமாந்து, அடுத்த வாரம் ஏமாற்றினவனிடமே அந்தக் குட்டிகளைப் பாதி விலைக்குத் திரும்ப வாங்கினவள். பள்ளிக்கூடத்துப் பக்கம் போனதில்லை. ஆட்டின் பல்லைப் பார்த்து வயதைச் சொல்லுவாள், ஆளின் செருப்பைப் பார்த்து அவன் எவ்வளவு தூரம் இறங்கி வருவான் என்று சொல்லுவாள். கோபம் வந்தால் ஆட்டையும் திட்டுவாள், ஆடு கட்டியிருக்கும் மரத்தையும் திட்டுவாள். எதை வாங்கினாலும் கொசுறு வாங்காமல் நகரமாட்டாள். கத்தரிக்காய்க்குக் கறிவேப்பிலை எல்லாரும் கேட்பது. பஸ்ஸில் டிக்கெட் எடுத்தால் வெறும் தாள் இன்னொரு துண்டு கிழித்துத் தரச் சொல்லுவாள். காது குடைய ஆகும் என்பாள்.

வீட்டில் அவளும் சொக்கனும்தான். சொக்கன் செவலை நிற நாட்டு நாய், ஒன்பது வயது. சந்தைக்கு அவள் பின்னாலேயே மூன்று கிலோமீட்டர் நடந்து வந்து, பேரம் முடியும்வரை காலடியில் படுத்திருப்பான். எதிராளி பொய் விலை சொன்னால் கொட்டாவி விடுவான். ராமாத்தாள் உடனே பேச்சை நிறுத்திவிட்டு வெற்றிலைப் பையைத் திறப்பாள். எதிராளி தானாக இறங்கி வருவான். சந்தையில் இது எல்லாருக்கும் தெரியும். சிலர் சொக்கன் கண்ணில் படாமல் தூணுக்குப் பின்னால் நின்று விலை சொல்லிப் பார்த்தார்கள். கொட்டாவிச் சத்தம் அங்கேயும் கேட்டது.

மூன்று வருஷம் முன்பு ஏஜென்ட் குப்புராசு வீட்டுக்கு வந்தபோது, உச்சி முதல் வால் நுனி வரை எல்லாமே உள்ளடக்கம் என்றுதான் சொன்னான். சொக்கன் அப்போது கொட்டாவி விடவில்லை. தவணையில் ஒரு ரூபாய்கூடக் குறைக்க முடியாது என்று குப்புராசு சொன்னபோதும் விடவில்லை. ராமாத்தாள்தான் விடவில்லை.

"அப்பக் கொசுறு என்ன தருவே?" என்றாள்.

குப்புராசு யோசித்து, சொக்கன் படம் போட்ட தினசரிக் காலண்டரை ஊரில் எல்லா வீட்டுக்கும் கம்பெனி செலவில் கொடுக்க ஏற்பாடு செய்கிறேன் என்றான். அவள் இன்னொன்று கேட்டாள். அலுவலகத்தில் சொக்கனுக்கென்று ஒரு நாற்காலி. இன்னொன்று. தீபாவளிக்கு வெடிச் சத்தம் கேட்டு நாய்க்குப் பதிலாக நடுங்க ஓர் ஆள். பன்னீர்க் குளியல், சொக்கன் பெயர் எழுதிய குடை, பித்தளைப் பெயர்ப்பலகை, பிறந்தநாளுக்கு வாசலில் வந்து நின்று தலையாட்டிவிட்டுப் போகும் அதிகாரி என்று ஒன்பது வரை கறந்துவிட்டாள். ஊரில் வேறு யாரும் இரண்டுக்கு மேல் வாங்கியதில்லை. ஒவ்வொரு கொசுறுக்கும் குப்புராசு ஏதோ ஒரு பக்கத்தில் ஒரு சின்னக் கோடு போட்டுக்கொண்டே வந்தான். பதின்மூன்றாம் பக்கம் வரை படித்துக் காட்டினான். அதற்குள் கடையிலிருந்து டீ வந்துவிட்டது.

போன ஆவணியில் சொக்கன் நொண்ட ஆரம்பித்தான். இடது பின்னங்கால். மூன்று அடி சரியாக வைப்பான், நாலாவதை இழுப்பான். அந்த வியாழக்கிழமை மூன்றாவது மின்கம்பம் வரை வந்து, நின்று, அவளைப் பார்த்துவிட்டுத் திரும்பி நடந்தான். முப்பத்தேழு வருஷத்தில் கண்டவர்களோடெல்லாம் சந்தைக்குப் போயிருக்கிறாள், தனியாகவும் போயிருக்கிறாள். ஆனால் அன்றைக்குப் பேரம் ஓடவில்லை. வாங்க வந்தவன் சொன்ன விலை நிஜமா பொய்யா என்று தெரியாமல் காலடியைப் பார்த்துப் பார்த்து நின்றாள். மூன்று ஆட்டை வந்த விலைக்குக் கொடுத்தாள். வீட்டுக்கு வந்து, சொக்கன் பக்கத்தில் தரையில் உட்கார்ந்து, ஒரு மணி நேரம் யாரையும் திட்டாமல் இருந்தாள்.

மறுநாள் ஆட்டோவில் சாக்கு விரித்து அவனைப் படுக்கவைத்து அலுவலகத்துக்குக் கொண்டுபோனாள். சொக்கன் தன் நாற்காலியில் ஏற்றிவிடச் சொல்லிக் காத்திருந்தான். ஏற்றிவிட்டதும் சுருண்டு படுத்துக்கொண்டான்.

மேலாளர் அருள்தாஸ் நாகர்கோவில் பக்கத்துக்காரர். ஓர் ஆமையின் படபடப்பு அவரிடம் இருந்தது. அதனால் பேச்சு நிதானமாக வரும், விரல்கள் மட்டும் நடுங்கும். அவர் பாலிசியைப் புரட்டிப் பதினாலாம் பக்கத்தில் நிறுத்தினார். வெளியே ஒரு சலுகை ஏறினால் உள்ளே ஓர் உறுப்பு இறங்கும் என்று அங்கே எழுதியிருந்தது. காலண்டருக்கு மீசை போயிருந்தது. நாற்காலிக்கு வலது காது. நடுங்கும் ஆளுக்கு இரண்டு விலா எலும்பு.

"இடது பின்னங்கால் குடைக்குப் போயிருக்கும்மா" என்றார்.

"அந்தக் குடைய இன்னும் விரிக்கக்கூட இல்லீங்க. மூணு வருசமா மழையா பேஞ்சுது?"

"மழை எங்க பொறுப்பில வராதும்மா."

ராமாத்தாள் கோபப்பட்டாள். மேஜையைத் திட்டினாள், மின்விசிறியைத் திட்டினாள், குப்புராசுவை அவன் பாட்டன் வரைக்கும் போய்த் திட்டிவிட்டு வந்தாள். காசாளர் அம்மா சொறிவதை நிறுத்திவிட்டு ஒரு டம்ளர் தண்ணீர் கொடுத்தார். குடித்தாள். பிறகு தலையில் கட்டியிருந்த துண்டை அவிழ்த்து மேஜைமேல் விரித்தாள். மாட்டுச் சந்தைத் தரகர்கள் செய்வது போலக் கையைத் துண்டுக்கு அடியில் விட்டாள். அருள்தாஸ் கைக்கடிகாரத்தைக் கழற்றி வைத்துவிட்டுத் தன் கையையும் உள்ளே விட்டார். இந்த ஊருக்கு மாற்றலாகி வருகிறவர்களுக்கு அதற்கென்று இரண்டு நாள் பயிற்சி உண்டு.

பேச்சே இல்லை. விரல்கள்தான் பேசின. காலை உள்ளே சேர்க்க ஒன்பது கொசுறும் திரும்ப வேண்டும் என்று அவர் ஐந்து விரலையும் பிறகு நாலையும் பிடித்தார். அவள் மூன்று விரலைப் பிடித்தாள். அவர் எட்டு என்றார், அவள் மூன்றிலேயே நின்றாள். ஏழுக்கு வந்தபோது அவர் வாய்திறந்து, "இதுக்குக் கீழ மேலிடத்தில ஒத்துக்கிட மாட்டாங்க" என்றார்.

நாற்காலியில் சொக்கன் கொட்டாவி விட்டான்.

ராமாத்தாள் வெற்றிலைப் பையைத் திறந்தாள். அருள்தாஸின் விரல்கள் துண்டுக்கு அடியில் அவள் கை இல்லாமலே கொஞ்ச நேரம் நடுங்கிக்கொண்டிருந்தன. ஆறுக்கு முடிந்தது. காலண்டரும் நாற்காலியும் தீபாவளிக்கு நடுங்கும் ஆளும் அவளிடம் தங்கின. மற்ற ஆறும் போயின. அவற்றில் குடையும் ஒன்று.

நொண்டலை வாங்கிக்கொள்ள ஆள் வேண்டுமே என்று பார்த்தால் அலுவலகத்தில் எல்லாரிடமும் ஏற்கெனவே ஒன்று இருந்தது. இரண்டு சுமக்க விதியில்லை. அருள்தாஸ் பழைய சுற்றறிக்கை ஒன்றைத் தேடி எடுத்தார். நடுவில் திரும்பச் சேர்க்கிற உறுப்பின் நோய், அந்த உறுப்பை நீக்கினவரையே சேரும் என்று அதில் இருந்தது. அதாவது பதினாலாம் பக்கத்தை எழுதியவரை. பெயர் யாருக்கும் தெரியாததால் பெயருக்கான இடத்தைக் காலியாக விட்டு உத்தரவு எழுதி முத்திரை குத்தினார். ராமாத்தாளுக்கு வயிறு குளிர்ந்தது. வெட்டினவன் காலிலேயே போய் விழட்டும், அதுதானே நியாயம் என்று நினைத்தாள்.

சொக்கன் நாற்காலியிலிருந்து தானாகக் குதித்தான். நாலு காலும் நேராக ஊன்றின. அவள் குனிந்து அந்தக் காலைத் தொட்டுப் பார்த்தாள். துண்டை உதறித் தலையில் கட்டினாள். வேலை முடிந்தது, போயிருக்கலாம். வாசற்படி வரை போனவள் திரும்பி நின்றாள்.

"சரிங்க, கொசுறு?"

அருள்தாஸ் இழுப்பறையைத் திறந்து பார்த்தார். ஸ்டாம்ப் பேடும் இரண்டு பேப்பர் கிளிப்பும்தான் இருந்தன. கொஞ்சம் யோசித்துவிட்டு, "உரியவர் வந்து எடுத்துக்கிடும் வரைக்கும் நொண்டலை உங்க வீட்டிலேயே வச்சுக்கிடலாம்மா. வாடகை கிடையாது" என்றார்.

"எத்தன நாளைக்கு?"

"எத்தனை நாள்னாலும்."

இலவசமாக வந்த எதையும் வேண்டாம் என்று சொல்லி அவளுக்குப் பழக்கமில்லை. வாங்கிக்கொண்டாள். சொக்கன் கொட்டாவி விட்டான். காலையிலிருந்து அலைகிறான், களைப்பாக இருக்கும் என்று அவள் நினைத்துக்கொண்டாள்.

முதல் வாரம் நொண்டல் வாசலில்தான் இருந்தது. ஆள் இல்லாமல் மூன்று அடிச் சத்தமும் ஓர் இழுப்பும் மட்டும் கேட்கும். சொக்கன் அதைச் சுற்றிக்கொண்டு போய் வந்தான். அப்புறம் ஆட்டுக்குத் தழை ஏற்றிவர அவள் வைத்திருந்த பழைய மொபெட்டில் ஏறியது. மொபெட் மூன்று கடை தாண்டி நாலாவது கடையில் இழுத்தது. அவள் திட்டியதும் இறங்கிச் சுவர்க் கடிகாரத்துக்குப் போனது. அங்கிருந்து பக்கத்து ஆணியில் தொங்கிய தினசரிக் காலண்டருக்குள் போய்விட்டது. சொக்கன் படம் போட்ட அதே காலண்டர், ஊரில் எல்லா வீட்டிலும் தொங்குவது.

இப்போது திங்கள், செவ்வாய், புதன் மூன்றும் ஒழுங்காக நடக்கின்றன. வியாழக்கிழமைதான் இழுக்கிறது. ஒரு நாளும் இன்னொரு முக்கால் நாளும் ஆகிறது முடிய. சந்தைக்கு வருகிறவர்கள் பாயும் இரண்டு வேளைச் சோறும் கட்டிக்கொண்டு வருகிறார்கள். ஆடுகள் விலைபோய், படுத்துத் தூங்கி, எழுந்து, மறுபடியும் விலைபோகின்றன. பள்ளிக்கூடத்தில் வியாழனுக்கென்று தனியாக ஆறு வகுப்பு சேர்த்துவிட்டார்கள். சொக்கன் பழையபடி மூன்று கிலோமீட்டரும் நடந்து வந்து அவள் காலடியில் படுத்துக்கொள்கிறான். பேரம் நீள நீளக் கொட்டாவியும் கூடிவிட்டது. எது பொய் விலைக்கு, எது நேரமானதற்கு என்று பிரித்துப் பார்க்க வேண்டியிருக்கிறது.

மேலவீதியில் கிளி வளர்க்கும் பெண் போன சந்தையில் வந்து, அந்த இன்சூரன்ஸை இன்னும் பெரிதாக எடுக்கலாமா, ஆகும் செலவுக்கு அது பெறுமா என்று கேட்டாள். ராமாத்தாள் சுற்றும்முற்றும் பார்த்தாள். பக்கத்தில் ஆடுகளைத் தவிர யாரும் இல்லை.

"பெறும் கண்ணு. நோவ நெசமாவே வாங்கிட்டுப் போறாங்க. உங்கிளிக்கு என்னென்ன உள்ள இருக்குதுன்னு பதினாலாம் பக்கத்தோட சேத்துப் படிச்சுக் கேட்டுக்க. அவங்களா தர்றது போதும்னு இருந்துக்க." கொஞ்சம் நிறுத்தி, குரலைத் தணித்து, "கொசுறு மட்டும் கேக்காத" என்றாள்.

கிளிக்காரி போனதும் குரல் பழையபடி ஏறிவிட்டது. தூணுக்குத் தூண் கேட்கும்படி ராமாத்தாள் சொல்வது இதுதான். உத்தரவு முத்திரையோடு அலுவலகத்தில் இருக்கிறது. பெயர் எழுத இடமும் காலியாக இருக்கிறது. எழுதினவன் எந்த ஊரில் எந்த மேஜையில் உட்கார்ந்திருந்தாலும் எழுந்து வரட்டும். எழுதின பக்கத்தைத் திருத்த வேண்டாம், மன்னிப்புக் கேட்க வேண்டாம், அவள் திட்டக்கூடமாட்டாள். ஒரு கையெழுத்துப் போட்டுவிட்டு, தனக்குரிய நொண்டலைக் காலண்டரிலிருந்து இறக்கிக் காலில் மாட்டிக்கொண்டு போகட்டும். ஆனால் புதன்கிழமைக்குள் வந்துவிட வேண்டும். வியாழக்கிழமை கிளம்பினால் வந்து சேரமாட்டான்.