மேடையில் விழுந்த மூன்றாம் முடிச்சு

சக்குபள்ளம் ஏலத்தோட்டத்தில், அந்தோனியார் திருவிழா நாடகத்தில் பெண்வேஷத்துக்குப் பெண்ணையே போட்டது எழுபத்துநாலில்தான். நாடகம் எழுதிய கணக்குப்பிள்ளை மிக்கேல்ராஜ் கண்டிப்பாகச் சொல்லியிருந்தார்: மேடைக் கல்யாணத்தில் தாலிக்கயிற்றுக்கு இரண்டு முடிச்சுதான். மூன்றாவது விழுந்தால் அது விளையாட்டில்லை.

மணப்பெண் ரோசிக்குப் பதினெட்டு வயது. மாப்பிள்ளை மரியஜோசப் அவள் அத்தை மகன், ஒரு வயது மூத்தவன். முறைப்பையன் என்பதாலேயே இருவரும் முகம் பார்த்துப் பேசியதில்லை. ஒத்திகையில் தொடக்கூடாது என்று ரோசியின் அம்மா ஞானஜோதி சொல்லிவிட்டாள். அதனால் அவன் கொட்டகைத் தூணுக்குத் தாலி கட்டிப் பழகினான். வழவழப்பான தூண், இரண்டு முடிச்சில் கயிறு நழுவியது. மூன்று போட்டே பழகிவிட்டான்.

திருவிழாச் சாயங்காலம், கூட்டத்துக்கு முன்னால், அவன் விரல்கள் அவள் பிடரியில் பட்டன. சில்லிட்டிருந்தன. அவளுக்குக் காது சுட்டது. சிரிப்பும் வந்தது. இரண்டு முடிச்சு விழுந்தது. அவன் கை நிற்கவில்லை.

முன்வரிசையில் அவன் அம்மா, ரோசியின் அத்தை, குலவையிட்டாள்.

காட்சி முடிந்து படுதாவுக்குப் பின்னால் வந்ததும் ரோசி கயிற்றை அவிழ்க்கப் போனாள். ஞானஜோதி அவள் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"நீ அவுக்கக் கூடாதுட்டி. கட்டினவந்தான் அவுக்கணும்."

"ஜூன்ல மதுரைக்கு நர்சு படிக்கப் போணும்மா நான்."

"அதெல்லாம் இனி ஒங்க அத்தை பாடு."

ரோசி மரியஜோசப்பிடம் திரும்பினாள். அவனோடு அவள் பேசிய முதல் பேச்சு அது.

"அத்தான், அவுத்து விடுங்க. நாடகம்னு சொல்லுங்க."

தோட்டக் குடியிருப்பு லயத்துப் பையன்கள் படுதாவை விலக்கி எட்டிப் பார்த்தார்கள். "ஏலே, மாப்ளைக்கு அதுக்குள்ள அவசரத்தப் பாரு."

அவன் கையைத் தூக்கினான். கை அவள் கழுத்துக்குப் பக்கத்தில் போய் நின்றது. மறுபடி அங்கே தொட வேண்டும், இத்தனை பேர் பார்க்க. ஒரு பெண்ணிடம் எப்படிப் பேசுவதென்று அந்த லயத்தில் யாரும் யாருக்கும் சொல்லித் தருவதில்லை. கல்யாணம் கட்டி வைப்பார்கள், அவ்வளவுதான்.

"எல்லாரும் பாக்காக," என்று முனகினான். கையை வேட்டியில் துடைத்துக்கொண்டான்.

"பயலுக்கு அவுக்க மனசு வரல பாருங்க மைனி," என்று அத்தை ஞானஜோதியிடம் பூரித்தாள். "ஞாயித்துக்கிழமையே கோயில்ல கல்யாண ஓலை வாசிக்கச் சொல்லிருவோம்."

ரோசி அவனையே பார்த்துக்கொண்டிருந்தாள், ஒரு வார்த்தையாவது சொல்வான் என்று. அவன் தரையைப் பார்த்தபடி, அடுத்த காட்சிக்கு எந்தப் பக்கமாக மேடை ஏறுவதென்று மிக்கேல்ராஜிடம் கேட்டான்.