படத்தோடு ஒட்டிக்கொண்ட இசை

டெட்லெஃப் ப்ரூக்மன் முப்பது வருடம் தொலைக்காட்சிக்கு இசையமைத்தவர். ஹாம்பர்க்கில் மீன் கடை வரிசையில் நின்றால்கூட அவருடைய போலீஸ் தொடரின் இசையை யாராவது முணுமுணுப்பார்கள். அவர் பெயர் மட்டும் ஒருவருக்கும் தெரியாது. நான்கு வருடமாக வேலை இல்லை. இளம் இயக்குநர் வீப்கேயின் படமும் கைநழுவினால் இனி யாரும் கூப்பிட மாட்டார்கள்.

படத்தை வெட்டி ஒட்டும்போது காட்சி வெறுமையாக இருக்கக் கூடாதென்று பழைய இசை எதையாவது தற்காலிகமாக வைப்பார்கள். படகுத்துறைக் காட்சிக்குப் படத்தொகுப்பாளர் ஊலா ஒரு பழைய இசைத்தட்டிலிருந்து எடுத்து வைத்திருந்தாள். மூன்று மாதம் அதையே கேட்டுக் கேட்டு வீப்கே அதில் விழுந்துவிட்டாள்.

"இது மாதிரியே வேணும் டெட்லெஃப். ஆனா இதுவா இருக்கக் கூடாது."

அது அவருடைய இசைதான். இருபது வருடத்துக்கு முன், தொலைக்காட்சி நிலையத்துக்குத் தெரியாமல் ஆர்னே லோரென்ட்ஸ் என்ற புனைபெயரில் செய்தது. சொன்னால் பழசையே வாங்கிப் போட்டுவிடுவார்கள், அப்புறம் இவர் எதற்கு? பேசாமல் இருந்துவிட்டார்.

அவர் புதிதாக எழுதிக் கொண்டுவந்த இசையை வீப்கே போட்டுக் கேட்டாள்.

"நல்லாத்தான் இருக்கு. ஆனா கமிஷனர் கார்லேந்து இறங்குவாரோன்னு தோணுது."

ஊலா சிரித்துவிட்டாள். இரண்டாவதும் மூன்றாவதும் தேறவில்லை.

"லோரென்ட்ஸ் இசையில ஒரு மூச்சு இருக்கு. உங்களுது மூச்சே விடல. ஊலா, அந்த ஆளு உயிரோட இருக்காரா?"

"இருக்கான்," என்றார் டெட்லெஃப். "எனக்குத் தெரியும். கொஞ்சம் முசுடு."

"அப்ப அவரையே கேளுங்களேன். கோவிச்சுக்காதீங்க."

மறுநாள் பதிலோடு வந்தார்.

"எழுதுறானாம். ஆனா அந்தப் பழசை எடுத்துடணுமாம். ரெண்டு வாரம் இசையே இல்லாம நீங்க படத்தைப் பாக்கணுமாம்."

"முசுடேதான்," என்றாள் ஊலா.

இரண்டு வாரம் கழித்து அவர் கொண்டுவந்தது முதலில் எழுதியதே. ஒரு சுரம்கூட மாற்றவில்லை.

"இதான்!" என்று துள்ளினாள் வீப்கே. "எவ்வளவு வித்தியாசம் பாத்தீங்களா?"

ஊலா கணினியில் இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தாள். "அடியே, இது நீ முதல்ல வேண்டாம்னது."

டெட்லெஃப் எல்லாவற்றையும் சொன்னார். வீப்கேயின் முகம் சிவந்தது.

"என்னை முட்டாளாக்கிட்டீங்க."

"இல்ல. மூணு மாசம் ஒண்ணையே கேட்டா எந்தக் காதும் அப்படித்தான். மத்த ரெண்டையும் எழுதினப்ப நானும் அந்தப் பழசைத்தான் தேடிக்கிட்டிருந்தேன்."

அவள் அந்த இசையை இன்னொரு முறை போட்டுக் கேட்டாள். பிறகு டைட்டில் பெயர்களை எழுதிவைத்திருந்த காகிதத்தை இழுத்தாள்.

"டைட்டில்ல யார் பேரு?"

"ஆர்னேன்னே போடு. அவனுக்கு இன்னும் வேலை வரும்."

"திரையிடலுக்கு வருவாரா?"

"வரமாட்டான். நான் வர்றேன்."

அந்த வாரமே ஊலா இரண்டு படக்குழுக்களுக்கு லோரென்ட்ஸ் பெயரைக் கொடுத்தாள். கீழே எழுதிய தொலைபேசி எண் டெட்லெஃபுடையது.