பச்சை பிடித்த வயலில் பிணங்கள்

நீலாம்பாளின் முகத்தில் களிமண்ணையும் சிவப்புச் சாயத்தையும் மேக்கப் போட வந்த அஃப்ரீன் என்ற பெண் அப்பிக்கொண்டிருந்தபோது, இவளுக்கெல்லாம் வேடம் எதற்கு என்று பின்னால் யாரோ சிரித்தார்கள். ஜாம்பிப் படமாம். செத்தவர்கள் எழுந்து வந்து ஊரையே கடிப்பார்களாம். அதிலும் இது சிரிப்புப் படம். எடுப்பவன் துரைக்கண்ணுவின் மகன் சூர்யபிரகாஷ், சென்னையிலிருந்து கேமராவோடு வந்திருந்தான்.

வரப்பில் நடந்தால் போதும் என்றுதான் கூப்பிட்டிருந்தான். வந்த பிறகு, வரிசையாக நடப்பது ரேஷன் கடைக்குப் போகிற மாதிரி இருக்கிறது, வயலுக்குள் இறங்குங்கள் என்றான். வயல் அவன் அப்பாவுடையது. பயிர் நீலாம்பாளுடையது. வாய்ப்பேச்சுக் குத்தகை. இந்த வருசம் தண்ணீர் பிந்தி வந்து, நட்ட நாற்று இப்போதுதான் பச்சை பிடித்திருந்தது.

"தம்பி, இப்பதான் வேர் புடிச்சிருக்கு. பக்கத்துல தரிசு கெடக்கே, அங்க எடுத்துக்குங்களேன்."

பச்சைதான் படத்தில் எடுப்பாக இருக்கும் என்றான். குடை பிடித்து நின்ற துரைக்கண்ணு அவளைப் பார்க்காமலே கேட்டார்: "ஏன் நீலாம்பா, அடுத்த போகத்துக்கு வயலு வேண்டாமா?"

இறங்கினாள். கூட வந்த நடவுப் பெண்களும் இறங்கி, கையை நீட்டிக்கொண்டு, கண்ணைச் செருகிக்கொண்டு நடந்தார்கள். ஒரு நாற்றுகூட மிதிபடவில்லை. நிறுத்தி மறுபடி நடக்கச் சொன்னான். மறுபடியும் அதேதான். காலம் முழுக்க நட்ட கால்கள், இடைவெளி பார்த்தே விழுந்தன.

"அக்கா, நீங்க செத்துட்டீங்க. செத்தவங்க கீழ பாத்துக்கிட்டா நடப்பாங்க?"

"நான் எங்கங்க தம்பி பாக்குறேன். காலு பாக்குது."

துரைக்கண்ணுகூடச் சிரித்துவிட்டார். சூர்யபிரகாஷ் காட்சியை மாற்றினான். கதாநாயகன் ஸ்பிரேயரில் பூச்சிமருந்து அடிப்பான், எல்லாப் பிணமும் சுருண்டு விழுந்து புரள வேண்டும். விழுவதற்குக் கால் தேவையில்லை.

விழுந்தாள். நெஞ்சுக்கடியில் நாற்று மடங்குவது தெரிந்தது. புரண்டபோது கையில் தட்டுப்பட்ட ஒன்றைக் கண்ணைத் திறக்காமலே சேற்றில் ஊன்றினாள்.

"டேய், கேமராவ அந்தக் கைக்குக் கொண்டு போ, கைக்கு. ஜாம்பி நடவு நடுதுடா." சூர்யபிரகாஷ் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தான்.

பிற்பகலில் கார்கள் போய்விட்டன. மற்றவர்கள் முகம் கழுவ வாய்க்காலுக்குப் போனார்கள். நீலாம்பாள் போகவில்லை. பிடுங்கிக்கொண்டு கிடக்கிற நாற்று இந்த வெயிலில் துவண்டுவிடும். முந்தானையை இழுத்துச் செருகிக் குனிந்தாள்.

பாபநாசம் போகிற டவுன் பஸ் வளைவில் மெதுவானது. ஜன்னல்களிலிருந்து கூச்சலும் செல்போன்களும் நீண்டன. கிழிந்த வாயும் ரத்தம் வழியும் கண்ணுமாக அவள் குனிந்தபடி பின்னாலேயே நகர்ந்துகொண்டிருந்தாள். அவளுக்கு முன்னால், விழுந்து கிடந்தவை ஒவ்வொன்றாக எழுந்து நின்றன.