துணியின் மறுமுனை

தவிந்தர் கௌருக்கு லூதியானாவில் வாசகர்கள் இருந்தார்கள். கனடாவிலும் இருந்தார்கள். அவர் முப்பது வருடங்களாகக் குடியிருக்கும் ஜெர்மனியின் கொலோனில்தான் ஒருவரும் இல்லை. இரண்டு நாவல்கள், நான்கு கவிதைத் தொகுப்புகள். அத்தனையும் அடுப்படி மேசையில் உட்கார்ந்து பஞ்சாபியில் எழுதியவை. ஜன்னலுக்கு வெளியே ஓடும் டிராமும், ஈரக் குடையோடு அதில் ஏறி இறங்கும் மனிதர்களும் அந்த நாவல்களுக்குள் இருந்தார்கள். தாங்கள் ஒரு கதையில் வாழ்கிறோம் என்பது அவர்களில் யாருக்கும் தெரியாது.

ஒருவராவது கேட்கவேண்டும் என்று தவிந்தர் ஏங்கியது கணவர் தல்ஜீத் இறந்த பிறகுதான். அதுவரை தல்ஜீத் கேட்டுக்கொண்டிருந்தார்.

பக்கத்து வீட்டு லிசா பல்கலைக்கழகத்தில் இலக்கியம் படிப்பவள். அவளுடைய அம்மா கொறற்றி மன்னாரிலிருந்து வந்தவர். மூவருக்கும் பொதுமொழி ஜெர்மன்தான்; ஆனால் தாய், மகள் வாயில் அதுவும் மன்னார்த் தமிழாகவே நடக்கும், நடுவில் ஒரு ‘அக்கா’வோ ‘அன்ரி’யோ வந்துவிடும். தன் வகுப்பில் வந்து கவிதை வாசிக்க முடியுமா என்று லிசா கேட்டாள். குளிர்காலம் முழுக்க, தவிந்தர் பொருள் சொல்லச் சொல்ல, அவள் மூன்று கவிதைகளை ஜெர்மனில் எழுதினாள்.

மூன்றாவது கவிதைக்காகத்தான் தவிந்தர் சம்மதித்ததே. தலைப்பாகைத் துணி நீளமானது. கட்டுவதற்கு முன் ஒருவர் இந்த முனையையும் இன்னொருவர் அந்த முனையையும் பிடித்து, இழுத்து, மடிக்கவேண்டும். கல்யாணமான நாளிலிருந்து காலைதோறும் அடுப்படிக்கும் கூடத்துக்கும் இடையே துணியை விரித்து தவிந்தரும் தல்ஜீத்தும் அப்படித்தான் நின்றார்கள். சண்டை போட்ட நாட்களிலும் முகத்தைத் திருப்பிக்கொண்டு முனையை மட்டும் பிடித்தார்கள். தல்ஜீத் போன பிறகு நீலத் துணியொன்றைத் துவைத்து, மறுமுனையைக் கதவுப் பிடியில் கட்டி மடித்த காலையைப் பற்றியது அந்தக் கவிதை. அதைத் தவிந்தர் இன்னும் யார் முன்னாலும் வாய்விட்டுப் படித்ததில்லை.

மே மாதத்து மதியம் வகுப்பறை நிறைந்திருந்தது. தவிந்தர் துப்பட்டாவை இழுத்துவிட்டுக்கொண்டு முதல் கவிதையின் முதல் வரியைச் சொன்னார், நிறுத்தினார். அவர் பழகிய சபைகளில் அந்த இடைவெளி கேட்பவர்களுடையது. ‘வாஹ்’ என்பார்கள், இன்னொரு முறை என்பார்கள், வரி மறுபடி எழும். இங்கே ஒருவரும் அசையவில்லை. தானாகவே வரியைத் திரும்பச் சொல்லிவிட்டுத் தொடர்ந்தார்.

இரண்டாவது கவிதையை லிசா ஜெர்மனில் படித்து முடித்ததும் முன்வரிசைப் பையன் விரல் முட்டியால் மேசையில் தட்டினான். பக்கத்தில் இருந்தவளும் தட்டினாள். பிறகு அறை முழுவதும் டக்டக்கென்று தட்டியது.

தவிந்தருக்கு அந்த ஓசை நன்றாகத் தெரியும். ஞாயிற்றுக்கிழமைகளில் தல்ஜீத்தின் நண்பர்கள் கூடிக் கவிதை சொல்லும்போதெல்லாம் கீழ்வீட்டுக்காரர் துடைப்பக் கட்டையால் தன் கூரையில் இடிப்பார். இந்த ஊரில் தட்டினால் போதும், நிறுத்து என்று பொருள். முப்பது வருடம் அப்படித்தான் வாழ்ந்திருக்கிறார்.

காகிதங்களை மூடினார். நன்றி சொன்னார். லிசா ஒரு கணம் அவரைப் பார்த்துவிட்டுத் தன்னுடையதையும் மூடினாள். தட்டல் இன்னும் பலமாகியது. இவ்வளவு அவசரமா இவர்களுக்கு என்று நினைத்தபடி தவிந்தர் வேகமாக வெளியே நடந்தார்.

டிராமில் லிசா அவர் பக்கத்தில் உட்கார்ந்தாள். பிறகு மெதுவாகக் கேட்டாள்.

“அங்கிளின்ர கவிதையைப் படிக்க ஏலாமப் போச்சோ அன்ரி?”

“படிக்க விட்டால்தானே. எல்லோரும் தட்டினார்களே.”

லிசா சிரிக்கத் தொடங்கி, அவர் முகத்தைப் பார்த்து நிறுத்திக்கொண்டாள்.

“அன்ரி, யூனியில கைதட்டமாட்டினம். நல்லாப் பிடிச்சால் மேசையிலதான் தட்டுவினம்.”

தவிந்தர் ஜன்னல் பக்கம் திரும்பினார். வெளியே ரைன் நதி கடந்துபோனது. அத்தனை பேர் அவரிடம் ‘வாஹ்’ சொல்லியிருக்கிறார்கள். அவரோ தல்ஜீத்தைக் கைப்பைக்குள் மூடி எடுத்துக்கொண்டு ஓடிவந்திருக்கிறார்.

வீட்டுக்கு வந்ததும் கொறற்றி பொரித்த ரோல்ஸோடு தவிந்தரின் அடுப்படிக்கு வந்தார். நடந்ததை லிசா சொன்னாள். கொறற்றி கையைத் துடைத்துக்கொண்டு தவிந்தருக்கு எதிரே உட்கார்ந்தார்.

“எனக்குப் படியுங்கோ அக்கா.”

“பஞ்சாபி உனக்கு விளங்காதே.”

“பூசையில லத்தீன் பாடேக்க மட்டும் விளங்கியே இருக்கிறன்? நீங்கள் படியுங்கோ.”

தவிந்தர் காகிதத்தை எடுத்தார். முதல் வரி: இந்த முனை என் கையில் இருக்கிறது, அந்த முனையை யார் இழுப்பது. சொன்னார். பழக்கப்படியே நிறுத்தினார்.

கொறற்றி விரல்களை மடக்கி முட்டியால் மேசையில் தட்டினார். லிசாவும் தட்டினாள். ரோல்ஸ் தட்டுகள் அதிர்ந்தன. உடனே கீழேயிருந்து துடைப்பக் கட்டை கூரையில் இடித்தது, டக், டக், டக்.

லிசா கையை எடுத்துக்கொண்டாள். தவிந்தர் தரையைக் கொஞ்ச நேரம் பார்த்தார்.

“அவருக்கும் பிடித்திருக்கிறது” என்றார்.

பிறகு துப்பட்டாவைச் சரிசெய்துகொண்டு, கீழ்வீடு வரை கேட்கும் குரலில் அந்த வரியை இன்னொரு முறை சொன்னார்.