பூக்கடைக்குப் போன பர்ஸ்

பவுனம்மாள் கல்லூரி வாசலைக் கூட்டி முடித்து நடைபாதைக்கு வந்தபோது, ஓர் இளைஞன் குப்புற விழுந்து கிடந்தான். பிரிக்ஃபீல்ட்ஸில் காலை எட்டு மணி. ஐந்து பேர் அவனைத் தாண்டிப் போனார்கள். ஒருவர் தாண்டும்போது வேட்டியை மட்டும் தூக்கிப் பிடித்துக்கொண்டார்.

பவுனம்மாள் குனிந்து அவனுடைய பின்பாக்கெட்டிலிருந்து பர்ஸை உருவினாள். அவள் பிறந்த பந்திங் ரப்பர் தோட்டத்தில், சம்சு குடித்து விழுந்தவனுக்குப் பெண்கள் முதலில் செய்வது அதுதான். களவு போகாமலிருக்க பர்ஸைக் கடையில் கொடுத்துவைத்துவிட்டு, பிறகு தண்ணீர்.

"இராஜம்மா, இத உள்ள வையி. எந்திரிச்சதும் குடுத்துரு" என்று எதிர்ப் பூக்கடையில் நீட்டினாள்.

தண்ணீரோடு திரும்பியபோது ஆளைக் காணோம். தண்ணீரை அவளே குடித்தாள்.

விழுந்து கிடப்பதுபோல் நடித்தவன் வாசு, அந்தக் கல்லூரியின் இரண்டாமாண்டு மாணவன். எதிரே நின்ற வேனுக்குள் அவன் நண்பர்களின் வீடியோ கேமரா ஓடிக்கொண்டிருந்தது. பூக்கடையில் பர்ஸை வாங்கிக்கொண்டு, நன்றி சொல்லாமல் போயிருந்தான்.

வெள்ளிக்கிழமை கல்லூரி மண்டபத்தில் நடந்த குறும்படப் போட்டியில் அந்தப் படத்துக்கு முதல் பரிசு. பவுனம்மாளின் கை பாக்கெட்டுக்குள் போகிற இடத்தோடு அதை வெட்டியிருந்தார்கள். சிரிப்பு அடங்க வெகுநேரமானது. கதவருகே வாளியோடு நின்ற பவுனம்மாளைச் சிலர் திரும்பிப் பார்த்தார்கள்.

"நாளைக்கி வேலைக்கு வர வேணாம். யூனிஃபார்ம குடுத்துட்டுப் போயிரு" என்றார் சூப்பர்வைசர் நாகையா.

"அண்ணே, பூக்கடைல கேளுங்க."

"ஊரே பாத்துருச்சுலா. கேமரா பொய் சொல்லுமா?"

வாசு மூன்றடி தூரத்தில் பரிசுக் கோப்பையோடு நின்றான். விரிவுரையாளர் அவன் தோளில் கை போட்டிருந்தார். நாகையா போகும்வரை அவன் கோப்பையில் பொறித்த எழுத்துகளைப் படித்துக்கொண்டிருந்தான்.

மண்டபம் காலியானது. பவுனம்மாள் பெருக்கத் தொடங்கினாள். வாசு அருகில் வந்தான்.

"ஆன்டி, நீங்க கடைல குடுத்ததையும் எடுத்தோம். வெட்டிட்டோம்."

"அதப் போட்டுக் காட்டுங்க தம்பி."

"அந்த டேப்பு மேலயே பேட்மின்டன் மேட்ச் ரெக்கார்ட் பண்ணிட்டாங்க." கோப்பையை மறு கைக்கு மாற்றிக்கொண்டு, "நாளைக்கி நாகையா அங்கிள்கிட்ட நான் சொல்றேன்" என்றான்.

"அவரு இங்கதான நின்னாரு."

முன்வரிசையில் யாரோ மறந்துபோன கைப்பை நாற்காலிக்கடியில் கிடந்தது. துடைப்பம் அதுவரை வந்தது. பிறகு சுற்றிக்கொண்டு போனது.

"ஆன்டி, பை..."

"நீங்களே எடுங்க தம்பி" என்றாள் பவுனம்மாள், நிமிராமல். "நான் தொடல."